செட் போட்டவர்கள் – 9: போர் அறையைக் கட்டியவர்

சென்ற இதழை வில்லியம் கேமரூன் மென்சீஸோடு நிறுத்தியிருந்தோம். ‘கான் வித் த விண்ட்’ (1939) படத்தில் அவருக்கென்றே ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற பட்டம் உண்டானதையும், அதுவரை வெறும் ஆர்ட் டைரக்டராக இருந்தவர்களுக்கு அன்றிலிருந்து ஒரு படி மரியாதை கூடியதையும் சொல்லியிருந்தேன். மென்சீஸ் 1957 மார்ச்சில் காலமானார். அதற்குச் சற்று முன்பு அவர் இணைத் தயாரிப்பாளராக இருந்து வேலை பார்த்த படம் ‘அரவுண்ட் த வேர்ல்ட் இன் 80 டேஸ்’. லண்டன், ஐரோப்பியப் பகுதிகளுக்கு அதில் செட் வேலை பார்த்த ஒருவரிடம், நிறத்தைக் கண்டு பயப்படாதே, துணிந்து அடி என்று மென்சீஸ் சொல்லிக்கொண்டே இருந்தாராம். கேட்டுக்கொண்டவருக்கு அப்போது முப்பதுகளின் நடு வயது. அந்தப் படம் அவருக்கு முதல் ஆஸ்கர் பரிந்துரையையும் வாங்கிக் கொடுத்தது. அவர்தான் கென் ஆடம்.

நம்மூர்ப் படங்களில் வில்லன் சுவரில் ஒரு பொத்தானை அமுக்கியதும் பாறை விலகும். உள்ளே சிவப்பும் பச்சையுமாக விளக்குகள் மினுங்கும். நடுவில் ஒரு சுழல் நாற்காலி. எத்தனை படங்களில் பார்த்திருப்போம்! அந்த அறைகளுக்கெல்லாம் தாய் அறை லண்டனுக்கு வெளியே பைன்வுட் ஸ்டூடியோவில் இவர் போட்டது. ஏழு ஜேம்ஸ் பாண்ட் படங்கள் இவர் கைவண்ணம். யாரும் உள்ளே போய்ப் பார்க்க முடியாத இடங்களாகத் தேடித் தேடிக் கட்டுவது இவருடைய தனி வழி. பார்த்த ஜனங்கள், நிஜத்திலும் அப்படித்தான் இருக்கும் என்று நம்பிவிட்டார்கள்.

பெற்றோர் வைத்த பெயர் கிளவுஸ் ஹியூகோ ஆடம். 1921 பிப்ரவரி 5 அன்று பெர்லினில், வசதியான யூதக் குடும்பத்தில் பிறந்தார். நகரத்தின் பெரிய கடைவீதியில் ‘எஸ். ஆடம்’ என்று குடும்பக் கடை. விளையாட்டு உடைகளுக்குப் பேர்போனது. அந்தக் கடைக்குப் புதுக் கட்டடம் எழுப்ப 1928-ல் திட்டம் போட்டார்கள். அதற்கு வரைபடம் போட்டவர்களில் ஒருவர் மீஸ் வான் டெர் ரோஹே, நவீனக் கட்டடக் கலையின் பிதாமகர்களில் ஒருவர். கண்ணாடிச் சுவர்களோடு அவர் வரைந்தது கடைசிவரை காகிதத்திலேயே நின்றுவிட்டது. அப்பா முதல் உலகப் போரில் ஜெர்மனிக்காகக் குதிரைப் படையில் சண்டை போட்டு இரும்புச் சிலுவைப் பதக்கம் வாங்கியவர். நாஜிகள் வந்த பிறகு அந்தப் பதக்கத்துக்கு மதிப்பில்லை. 1934-ல் குடும்பம் இங்கிலாந்துக்குக் கிளம்பியது. அங்கே போன கொஞ்ச காலத்திலேயே அப்பா இறந்துபோனார். அம்மா லண்டன் ஹாம்ப்ஸ்டெட் பகுதியில் தங்கும் விடுதி நடத்திப் பிள்ளைகளை வளர்த்தார்.

சினிமா செட் போட வேண்டும் என்ற ஆசையைப் பையன் வின்சென்ட் கோர்டாவிடம் சொன்னான். ஹங்கேரியிலிருந்து வந்து பிரிட்டிஷ் சினிமாவில் கொடிகட்டிப் பறந்த கலை இயக்குநர் அவர். முதலில் கட்டடக் கலை படி, பிறகு பார்க்கலாம் என்றார். கிளவுஸ் லண்டன் பார்ட்லெட் பள்ளியில் சேர்ந்தார். வாழ்நாளில் அவருக்குக் கிடைத்த நல்ல புத்திமதி இதுதான் என்பது என் எண்ணம். சினிமா செட் என்பது பெரும்பாலும் முன்பக்கம் மட்டும் உள்ள பொய். பின்னால் போனால் பலகையும் சட்டமும்தான். ஆனால் ஆடம் போட்ட செட்டைத் திரையில் பார்க்கும்போது கூரையின் கனம் தெரியும், அதைத் தாங்கும் தூண் எங்கே என்று கண் தேடும். கட்டடக்காரர் கைக்குத்தான் அது வரும்.

நடுவில் போர் வந்தது. கிளவுஸ் கென் ஆனார். 1943-ல் பிரிட்டிஷ் விமானப் படையின் 609-ஆம் ஸ்குவாட்ரனில் சேர்ந்து டைஃபூன் விமானம் ஓட்டினார். ஜெர்மனியில் பிறந்துவிட்டு அந்தப் படையில் விமானியாக இருந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். தம்பி டெனிசும் அவர்களில் ஒருவர். எதிரியிடம் மாட்டியிருந்தால் போர்க்கைதிக்குரிய மரியாதை கிடைத்திருக்காது. துரோகி என்று சுட்டிருப்பார்கள். 1944-ல் பிரான்சின் ஃபாலேஸ் பகுதியில் பின்வாங்கிய ஜெர்மன் படைகளை வானிலிருந்து ராக்கெட்டால் அடித்தவர்களில் அவரும் உண்டு. பிறகு தரைவழியாக அங்கே போனபோது அடித்த பிண நாற்றத்தைக் கிழவரான பின்னும் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். இந்த அனுபவத்தையும் அவர் பின்னால் ஒரு படத்துக்காகக் கட்டிய போர் அறையையும் முடிச்சுப் போட்டு எழுதுகிறவர்கள் உண்டு. அவ்வளவு நேராக எனக்குப் படவில்லை.

1947-ல் ரிவர்சைடு ஸ்டூடியோவில் வரைபடம் போடும் டிராஃப்ட்ஸ்மேனாகச் சேர்ந்தார். அடுத்த பத்து வருஷம் தச்சர், மோல்டர், பெயின்டர் எல்லோரோடும் கிடந்து தொழில் கற்ற காலம். ‘கேப்டன் ஹொரேஷியோ ஹார்ன்புளோயர்’, ‘த கிரிம்சன் பைரேட்’ என்று பாய்மரக் கப்பல் படங்கள் வரிசையாக வந்தன. அந்தக் கடல்கொள்ளைப் படத்துக்காக இத்தாலியின் இஸ்கியா தீவுக்குப் போன இடத்தில் லெட்டிசியாவைச் சந்தித்தார், 1952-ல் கல்யாணம்.

லெட்டிசியாவால் வந்த ஒரு மாற்றத்தை இங்கே சொல்லியாக வேண்டும். ஆடம் அதுவரை கூர்மையான பென்சிலால், ஸ்கேல் வைத்து, கட்டடக்காரர் பாணியில் சுத்தபத்தமாக வரைந்துகொண்டிருந்தார். படம் சரியாக இருக்கும், உயிர் இருக்காது. கையைத் தளர்த்தி வரையச் சொல்லி வற்புறுத்தியவர் மனைவிதான். தடித்த முனையுள்ள ஃப்ளோமாஸ்டர் பேனாவைக் கையில் எடுத்தார். அந்தப் பேனாவால் சின்ன விவரம் எதையும் வரைய முடியாது. ஒரே இழுப்பில் கூரை, இன்னொரு இழுப்பில் தரை, மிச்சமெல்லாம் கறுப்பு. வெளிச்சம் எங்கிருந்து விழுகிறது என்பது மட்டும் பளிச்சென்று தெரியும். அவர் பிறந்த ஊரில், அவர் பிறப்பதற்குச் சற்று முன்பு வந்த ‘டாக்டர் காலிகரி’ (1920) படத்தின் கோணல்மாணலான செட்டுகளின் சாயலை அந்தக் கோடுகளில் பார்க்கலாம்.

முதல் பாண்ட் படமான ‘டாக்டர் நோ’ 1962-ல் வந்தது. மொத்தப் படமே பத்து லட்சம் டாலருக்குள் முடிய வேண்டிய சின்னத் தயாரிப்பு. செட்டுகளுக்கு முதலில் ஒதுக்கியது 14,000 பவுண்டு. பிறகு கொஞ்சம் கூட்டிக் கொடுத்தார்கள். இயக்குநர் டெரன்ஸ் யங் யூனிட்டோடு ஜமைக்காவில் ஷூட்டிங்கில் இருக்க, பைன்வுட்டில் ஆடம் தன்னந்தனியாக ஃப்ளோர் ஃப்ளோராக நிரப்பிக்கொண்டிருந்தார். மேற்பார்க்க ஆளில்லை. திரும்பி வந்து பார்த்தவர்களுக்குப் பிடிக்காமல் போயிருந்தால் மாற்றக் காசும் கிடையாது.

வில்லனின் கடலடி மாளிகையில் ஒரு மீன் தொட்டிச் சுவர் உண்டு. அதற்குப் பின்னால் ஓட்ட, எங்கோ எடுத்து வைத்திருந்த மீன் படச்சுருளை வாங்கினார்கள். சின்ன மீன்களைக் கிட்டத்தில் எடுத்த படம் அது. திரையில் போட்டால் ஒவ்வொன்றும் திமிங்கலம் போலத் தெரிந்தது. வேறு வாங்கப் பணமில்லை. கண்ணாடி பெரிதாக்கிக் காட்டுகிறது என்று ஒரு வசனத்தைச் சேர்த்துச் சமாளித்தார்கள். அதே அறையில் கோயா வரைந்த வெலிங்டன் பிரபுவின் ஓவியத்தையும் வைத்தார்கள். 1961 ஆகஸ்டில் லண்டன் நேஷனல் கேலரியிலிருந்து திருடு போன ஓவியம். படம் வந்தபோதும் போலீஸ் தேடிக்கொண்டுதான் இருந்தது. பாண்ட் படியேறும்போது அதைப் பார்த்து ஒரு கணம் நிற்பார். லண்டன் தியேட்டர்களில் ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்களாம்.

என்னைக் கேட்டால் அந்தப் படத்தின் உச்சம் இன்னொரு அறை. கையிலிருந்த பணமெல்லாம் தீர்ந்த பிறகு, இன்னும் ஒரு செட் பாக்கி என்று தெரிந்தது. சில நூறு பவுண்டில் முடிக்க வேண்டும். ஒரு காலி அறை. ஒரு கதவு, ஒரு நாற்காலி, ஒரு மேசை. சரிந்து இறங்கும் கூரையில் பெரிய வட்டத் துளை, அதில் கம்பி வலை. மேலிருந்து வரும் ஒற்றை வெளிச்சத்தில் அந்த வலையின் நிழல் சுவரிலும் தரையிலும் விழுகிறது. வில்லனின் கையாளான பேராசிரியர் டென்ட் உள்ளே வருகிறார். டாக்டர் நோவின் குரல் மட்டும் கேட்கிறது. வில்லன் முகத்தை நாம் இன்னும் பார்க்கவில்லை. ஆனால் அவன் எப்படிப்பட்டவன் என்று அறை சொல்லிவிட்டது. பணம் இல்லாத இடத்தில் பேனாவில் பழகிய சிக்கனம் கைகொடுத்தது.

‘டாக்டர் நோ’வைப் பார்த்துவிட்டுக் கூப்பிட்டவர் ஸ்டான்லி கூப்ரிக். அணுகுண்டுப் போரைக் கேலி செய்யும் படம் ஒன்று எடுக்கப் போகிறார்: ‘டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்’ (1964). அதற்காக ஆடம் இரண்டாம் பாண்ட் படத்தைக் கைவிட்டார். ஷெப்பர்ட்டன் ஸ்டூடியோவுக்குத் தினமும் ஆடமின் ஜாகுவார் ஈ-டைப் காரில் இருவரும் சேர்ந்து போவார்கள். போர் விமானம் ஓட்டியவர், கையில் ஓடுவதற்கென்றே செய்த கார். ஆனால் மணிக்கு 30 மைலைத் தாண்டக் கூடாது என்பது கூப்ரிக்கின் கண்டிப்பு. ஊர்ந்து போகும் அந்தக் காரில் பேசிப் பேசித்தான் படத்தின் பாதி முடிவானது.

அமெரிக்க ஜனாதிபதியும் தளபதிகளும் உட்கார்ந்து உலகத்தின் தலைவிதியைப் பேசும் போர் அறை வேண்டும். ஆடம் முதலில் இரண்டு அடுக்காக, மாடம் வைத்து வரைந்தார். கூப்ரிக்குக்குப் பிடித்தது. மர வேலை தொடங்கிச் சில வாரம் ஆனதும் வந்து, மேல்மாடத்தில் அறுபது பேரை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது, வேறு யோசி என்றார். ஆடம் வெளியே தோட்டத்துக்குப் போய் நடந்து நடந்து மனதை ஆற்றிக்கொண்டு திரும்பி வந்து மறுபடி பேனாவை எடுத்தார். கூப்ரிக் முதுகுக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். இந்த முறை முக்கோணம். வடிவங்களில் முக்கோணம்தானே உறுதியானது என்று கேட்டுக்கொண்டு, கான்கிரீட்டில் செய்தது போல இருக்கட்டும், குண்டு விழுந்தாலும் தாங்கும் பதுங்கு அறையாகத் தெரியட்டும் என்றார் கூப்ரிக்.

நீளம் 130 அடி, அகலம் 100 அடி, உயரம் 35 அடி. தரை முழுக்கப் பளபளக்கும் கறுப்பு. நடுவில் பெரிய வட்ட மேசை. அதற்கு நேர் மேலே வட்டமாக ஒரு விளக்கு வளையம். அந்த வளையம் அலங்காரத்துக்கு வைத்ததல்ல. மேசையைச் சுற்றி உட்கார்ந்த நடிகர்களின் முகத்தில் விழும் வெளிச்சமே அதுதான். எந்த உயரத்தில், எந்தக் கோணத்தில் தொங்கவிட்டால் கண்ணுக்குழி இருளாமல் முகம் தெரியும் என்று இருவரும் முன்கூட்டியே ஆளை நாற்காலியில் உட்காரவைத்து விளக்கைத் தூக்கியும் இறக்கியும் சோதித்தார்கள். இன்றைய ஒளிப்பதிவாளர்கள் செட்டிலேயே விளக்கை ஒளித்து வைக்கிறார்களே, அந்தப் பழக்கத்துக்கு நல்ல பாடம் இது. மேசைக்கு மேல் பச்சை விரிப்பு போடச் சொன்னார் கூப்ரிக். படமோ கறுப்பு வெள்ளை. யார் கண்ணுக்குத் தெரியப் போகிறது? நடிகர்களுக்குத் தெரியும் என்றார்: உலகத்தை வைத்து இவர்கள் சீட்டாடுகிறார்கள் என்ற நினைப்பு அவர்களுக்கு வர வேண்டும்.

சுவரில் ராட்சத வரைபடங்கள். குண்டு விமானங்கள் நகர்வதைக் காட்ட அவற்றின் பின்னால் வரிசை வரிசையாக பல்புகள். சூட்டில் முன்பக்கத்துக் காகிதம் கொப்புளித்துக் கழன்று வந்தது. கடைசியில் நடிகர்களுக்காக அல்ல, வரைபடங்களுக்காகக் குளிர்சாதனம் வைத்தார்கள்.

படத்தில் வரும் குண்டு விமானத்தின் உட்புறத்தை ராணுவ உதவி இல்லாமல், கிடைத்த பத்திரிகைப் படங்களை வைத்துக்கொண்டு கட்டினார்கள். பார்க்க வந்த அமெரிக்க விமானப் படையினர் முகம் வெளுத்ததாக ஆடம் சொல்வார். எங்கிருந்து தகவல் எடுத்தாய், வழக்கு வந்துவிடப் போகிறது என்று கூப்ரிக் பதறினாராம். போர் அறையைப் பற்றி இதைவிடப் பெரிய கதை ஒன்று உண்டு. 1981-ல் ரொனால்ட் ரீகன் ஜனாதிபதி ஆனதும் அந்தப் போர் அறையைக் காட்டுங்கள் என்று கேட்டதாகவும், அப்படி ஒன்று கிடையாது என்று அதிகாரிகள் சொன்னதாகவும் ஒரு கதை. ஆடமும் பல பேட்டிகளில் இதைச் சொல்லிச் சிரித்திருக்கிறார். ஆதாரம் இல்லாத கதைதான். ஆனால் ஒரு கலை இயக்குநரைப் பற்றி இப்படி ஒரு கதை கிளம்புவதே சாதனை.

அதே 1964-ல் ‘கோல்ட்ஃபிங்கர்’. அமெரிக்காவின் தங்கக் கிடங்கான ஃபோர்ட் நாக்ஸுக்குள் படக்குழுவை விடவில்லை. ஆடம் இங்கிலாந்து வங்கியின் கிடங்கைப் போய்ப் பார்த்தார். தாழ்ந்த கூரை, குறுகிய சுரங்கம், ஆள் உயரத்துக்குக்கூட அடுக்காத தங்கம். காரணம் எளிது: தங்கம் படுகனம், உயரமாக அடுக்கினால் தரை தாங்காது. இதையெல்லாம் தெரிந்துகொண்டே அவர் நாற்பது அடி உயரத்துக்குக் கம்பிகளுக்குப் பின்னால் தங்கக் கட்டிகளை அடுக்கினார். தங்கத்துக்கு ஒரு தேவாலயம் என்று அவரே சொல்வார். நிஜக் கிடங்கின் பொறுப்பாளர் பாராட்டிக் கடிதம் போட்டார். உண்மை தெரியாமல் தப்பாகக் கட்டுவது வேறு, தெரிந்துகொண்டு மீறுவது வேறு. நம் ஆர்ட் டைரக்டர்கள் சிலர் முதலாவதைச் செய்துவிட்டு இரண்டாவது என்பார்கள்.

1966-ல் ‘யூ ஒன்லி லிவ் ட்வைஸ்’ படத்துக்கு இடம் பார்க்க ஜப்பான் போனார்கள். நாவலில் வில்லன் கடலோரக் கோட்டையில் இருப்பான். ஹெலிகாப்டரில் சுற்றியும் கடலோரத்தில் ஒரு கோட்டை அகப்படவில்லை. கியூஷு தீவுக்கு மேலே பறந்தபோது எரிமலை வாய்கள் கண்ணில் பட்டன. எரிமலைக்குள் வில்லனை வைத்தால்? ஆடம் உடனே வரைந்தார். எவ்வளவு ஆகும் என்று தயாரிப்பாளர் பிராக்கோலி கேட்டார். தெரியாது என்றார் ஆடம். பத்து லட்சம் டாலர் தருகிறேன், முடியுமா? முடியும் என்று சொல்லிவிட்டு, அதற்கப்புறம்தான் தூக்கம் போனது என்பார். ‘டாக்டர் நோ’ முழுப் படத்தையும் எடுத்த அளவுக்குப் பணம் ஒரே செட்டுக்கு! பைன்வுட்டின் வெட்டவெளியில் 700 டன் எஃகில் எரிமலை எழுந்தது. உள்ளே ராக்கெட் நின்றது, மோனோரயில் ஓடியது, மேலே திறந்த வாய் வழியாக ஹெலிகாப்டர் இறங்கியது.

அந்த எரிமலை எழாமலே போயிருக்கும். 1966 மார்ச் 5 அன்று டோக்கியோவிலிருந்து கிளம்பிய பிஓஏசி 911 விமானத்தில் ஆடம், தயாரிப்பாளர்கள், இயக்குநர் லூயிஸ் கில்பர்ட், ஒளிப்பதிவாளர் ஃப்ரெடி யங் எல்லோருக்கும் டிக்கெட் போட்டிருந்தார்கள். நிஞ்சா வித்தை ஒன்றைப் பார்க்கலாம் என்று கடைசி நேரத்தில் பயணத்தைத் தள்ளிவைத்தார்கள். விமானம் ஃபூஜி மலையருகே நொறுங்கியது. 124 பேரில் யாரும் பிழைக்கவில்லை.

எழுபதுகளில் கூப்ரிக் மறுபடி கூப்பிட்டார். ‘பேரி லிண்டன்’ (1975), பதினெட்டாம் நூற்றாண்டுக் கதை. இந்த முறை செட்டே வேண்டாம், நிஜ மாளிகைகளில்தான் எடுப்பேன் என்றார். செட் போடுகிறவரைக் கூப்பிட்டு செட் வேண்டாம் என்றால்? அயர்லாந்திலும் இங்கிலாந்திலுமாக மாளிகை மாளிகையாக அலைந்து, ஓர் அறையை ஒன்றிலும் அதன் தாழ்வாரத்தை இன்னொன்றிலும் ஒட்டவைத்து ஒரே வீடாகக் காட்டுவதுதான் ஆடமின் வேலையாயிற்று. இரவுக் காட்சிகளை மெழுகுவத்தி வெளிச்சத்திலேயே எடுக்க, நாசாவுக்காக ஸைஸ் நிறுவனம் செய்த எஃப் 0.7 லென்ஸைக் கூப்ரிக் வாங்கி வைத்திருந்தார். ஒவ்வொரு முடிவுக்கும் நூறு கேள்வி, ஒவ்வொரு கேள்விக்கும் நூறு புகைப்படம். கூப்ரிக்கின் தவறுகளுக்கெல்லாம் தானே பொறுப்பு என்ற நினைப்பு வர ஆரம்பித்ததும் ஆடமின் மனம் உடைந்தது. மருத்துவமனையில் சேர்க்க வேண்டியதாயிற்று. கொஞ்சம் தேறியபோது கூப்ரிக் அன்பாகப் போன் செய்து அடுத்த வேலையைப் பற்றிப் பேச, அதைக் கேட்டே மறுபடி படுத்துவிட்டார்.

இருந்தும் நட்பு அறுந்துபோகவில்லை. ‘த ஸ்பை ஹூ லவ்ட் மீ’ (1977) படத்துக்கு மூன்று நீர்மூழ்கிக் கப்பல்களை விழுங்கும் எண்ணெய்க் கப்பலின் வயிறு வேண்டும். எந்த ஃப்ளோரிலும் அது அடங்காது என்று பைன்வுட்டில் ‘007 ஸ்டேஜ்’ என்ற புதுத் தளத்தையே கட்டினார்கள். 1976 டிசம்பரில் முன்னாள் பிரதமர் ஹரோல்ட் வில்சன் திறந்துவைத்தார். ஒளிப்பதிவாளர் கிளாட் ரெனாருக்கு அப்போது கண் பார்வை மங்கிக்கொண்டிருந்தது. அவ்வளவு பெரிய இடத்துக்கு எப்படி ஒளி வைப்பது என்று தெரியாமல் ஆடம் கூப்ரிக்கை அழைத்தார். யாருக்கும் தெரியக் கூடாது என்ற நிபந்தனையோடு, ஆளில்லாத நாளாகப் பார்த்துக் கூப்ரிக் வந்து சில மணி நேரம் உட்கார்ந்து விளக்கு வைக்கும் இடங்களைச் சொல்லிக் கொடுத்தார். அந்த ஸ்டேஜ் 1984-ல் ஒருமுறை, 2006-ல் ஒருமுறை எரிந்தது. இரண்டு முறையும் மறுபடி கட்டினார்கள்.

‘மூன்ரேக்கர்’ (1979) கடைசி பாண்ட் படம். விண்வெளி நிலையம்வரை போயாகிவிட்டது. என் கணக்கில் அது கொஞ்சம் அதிகம்தான். 2003-ல் சர் பட்டம் கிடைத்தது. தன் நாலாயிரம் வரைபடங்களையும் விருதுகளையும் 2012-ல் ஜெர்மன் திரைப்படக் காப்பகத்துக்குக் கொடுத்தார். 2016 மார்ச் 10 அன்று, 95 வயதில் லண்டனில் காலமானார்.

ஆஸ்கர் இரண்டு முறை கிடைத்தது. ஒன்று ‘பேரி லிண்டன்’, இன்னொன்று ‘த மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்’ (1994). இரண்டும் பெரும்பாலும் பழைய மாளிகைகளில் எடுத்த சரித்திரப் படங்கள். போர் அறைக்கு ஆஸ்கர் பரிந்துரைகூட இல்லை, எரிமலைக்கும் இல்லை. சரித்திரப் படம் என்றால் உழைப்பு கண்ணுக்குத் தெரியும், கற்பனை என்றால் விளையாட்டு என்று நினைப்பது ஆஸ்கர் குழுவின் பழைய நோய். நம்மூர் விருதுக் குழுக்களுக்கும் அது உண்டு.

மேலே சொன்ன கிளாட் ரெனார், பல வருஷங்களுக்கு முன்பு தன் சித்தப்பா ஜான் ரெனாரோடு வங்காளத்துக்கு வந்து ‘த ரிவர்’ படத்தை ஒளிப்பதிவு செய்தவர். அந்தப் படத்தில் கலை இயக்கப் பிரிவில் உதவியாளராக இருந்த பன்சி சந்திரகுப்தாதான் பிறகு ‘பதேர் பாஞ்சாலி’யின் கலை இயக்குநர். அடுத்த இதழில் அவர்.